நிலாவுக்கு ஓடிய நாஜிகளும் இரண்டு ரூபாய்த் தயாரிப்பாளர்களும்

1945ல் ஜெர்மனி தோற்றபோது ஒரு நாஜிக் கூட்டம் நிலாவின் மறுபக்கத்துக்குத் தப்பி ஓடிவிட்டது. அங்கே ஹீலியம்-3 தோண்டி, கோட்டை கட்டி, 2018ல் பூமியைப் பிடிக்கத் திரும்பி வருகிறது. 2012ல் வந்த ‘அயர்ன் ஸ்கை’ படத்தின் கதை இதுதான். ‘வரலாறு வேற மாதிரி போயிருந்தா?’ என்று கேட்கும் இந்த வகையை மாற்று வரலாறு என்பார்கள்.

நையாண்டி நாஜிகளோடு நிற்கவில்லை. விண்வெளியில் ஆயுதம் வைக்கமாட்டோம் என்று சொன்ன நாடுகள் எல்லாமே ரகசியமாக வைத்திருந்தது ஐ.நா. சபையில் அம்பலமாகிறது. பின்லாந்து மட்டும்தான் சொன்ன சொல்லைக் காப்பாற்றியிருக்கிறது! இயக்குநர் டிமோ வுவோரென்சோலா பின்லாந்துக்காரர்.

இனி காசு விஷயம். மொத்தச் செலவு சுமார் 75 லட்சம் யூரோ. ரசிகர்கள் கொடுத்தது சுமார் 10 லட்சம். முன்பின் தெரியாத ஆளுக்கு ஏன் கொடுத்தார்கள்? முன்பே தெரியும் என்பதுதான் பதில். அதே குழு ஏழு வருஷம் உழைத்து எடுத்த ‘ஸ்டார் ரெக்’ படத்தை 2005ல் இணையத்தில் இலவசமாக விட்டிருந்தது. கூட்டம் முதலில் சேர்ந்தது, காசு பிறகு வந்தது.

நம்ம பக்கமும் இதே கதைதான். கன்னட இயக்குநர் பவன் குமார் தன் வலைப்பதிவில் சினிமாத் தொழிலின் சிக்கல்களை எழுதினார். படித்தவர்களில் 110 பேர் 27 நாளில் 51 லட்சம் ரூபாய் போட, ‘லூசியா’ (2013) உருவானது. தமிழில் ‘எனக்குள் ஒருவன்’ ஆக வந்தது அந்தக் கதைதான். அதற்கும் முன்னால், 1976ல் ஷியாம் பெனகலின் ‘மந்தன்’ படத்துக்கு குஜராத் பால் உற்பத்தியாளர்கள் 5 லட்சம் பேர் ஆளுக்கு 2 ரூபாய் கொடுத்தார்கள். பால் கூட்டுறவுச் சங்கங்கள் ஏற்கெனவே இருந்ததால்தான் அது முடிந்தது. நெசவாளர் சங்கங்களைப் பார்த்து வளர்ந்த எங்கள் காஞ்சிபுரம் பக்கத்து ஆட்களுக்கு இது சட்டென்று புரியும்.

ஆனால் கூட்டம் இருந்தால் போதுமா? ‘அயர்ன் ஸ்கை’ இரண்டாம் பாகத்துக்கும் ரசிகர்கள் அள்ளிக் கொடுத்தார்கள். படம் 2019ல் வந்தது. அடுத்த வருஷமே தயாரிப்பு நிறுவனம் திவால்.

அதனால், நாளைக்கு யாராவது தமிழில் இப்படியொரு படத்துக்குக் காசு கேட்டால் இரண்டு கேள்வி கேளுங்க. இதுக்கு முன்னாடி எங்களுக்கு என்ன காட்டினீங்க? நான் போடுறது நன்கொடையா, பங்கா? பதில் நேராக இருந்தால் தாராளமாகக் கொடுக்கலாம். பெரிய தயாரிப்பாளர்கள் தொடத் தயங்கும் நையாண்டிக்கு வேறு வழி குறைவு.