விழுந்தாலும் உடையாத விமானம்

அத்திப்பட்டில் நின்று அண்ணாந்து பாருங்கள். வட சென்னை அனல்மின் நிலையத்தின் புகைபோக்கிகளும் உயர் மின்னழுத்தக் கம்பிகளும் தெரியும். இங்கே மாதிரி விமானம் ஓட்டிப் பழகலாமா? கூடவே கூடாது! 2 கிலோ விமானம் வினாடிக்கு 15 மீட்டர் வேகத்தில் மோதினால் அதன் இயக்க ஆற்றல் 225 ஜூல். 2 கிலோ எடைக்கல் 11 மீட்டருக்கும் மேலான உயரத்திலிருந்து தலையில் விழுவதற்குச் சமம்.

பின் எங்கே பழகுவது? கணிப்பொறித் திரையில்! விமானத்தை இயக்கும் அதே டிரான்ஸ்மிட்டரைக் கம்பியால் கணிப்பொறியுடன் இணைக்கலாம். டிரான்ஸ்மிட்டரின் பயிற்சித் துளையிலிருந்து மின்துடிப்புகள் வரிசையாக வரும். குச்சி நடுவில் நின்றால், அடுத்தடுத்த இரு துடிப்புகளின் தொடக்கங்களுக்கு இடையே சுமார் 1.5 மில்லி வினாடி. ஒரு கோடிக்குத் தள்ளினால் 1. மறு கோடிக்குத் தள்ளினால் 2. ஒவ்வொரு அசைவுக்கும் ஓர் இடைவெளி. எல்லாம் முடிந்ததும் ஒரு நீண்ட ஓய்வு. அதுவே அடுத்த வரிசை தொடங்கப்போவதன் அடையாளம். வினாடிக்குச் சுமார் 50 வரிசைகள்! கணிப்பொறி இவற்றை அளந்து திரை விமானத்தைத் திருப்புகிறது. இன்று பல டிரான்ஸ்மிட்டர்களை யு.எஸ்.பி. கம்பியாலேயே இணைத்துவிடலாம்.

விமானம் உங்களை நோக்கி வரும்போது அதன் இடப்பக்கம் உங்களுக்கு வலப்பக்கம். புதியவர்களின் கை தடுமாறுவது இங்கேதான். திரையில் நூறு முறை விழுங்கள், நஷ்டமில்லை. கை பழகிய பிறகு, தெரிந்தவர் துணையோடு, அனுமதியுள்ள திறந்தவெளிக்குப் போகலாம், சரிதானே?