தேரிக்கு வயது என்ன?

தூத்துக்குடி, திருநெல்வேலி மாவட்டக் கடலோரத்தில் குதிரைமொழி, சாத்தான்குளம் பக்கம் பரந்து கிடக்கும் செம்மணல் மேடுகளான தேரிக்காட்டை வரைபடத்தில் குறிப்பது எளிது. கண்ணைப் பறிக்கும் அந்தச் சிவப்பே எல்லை காட்டிவிடும். மதுரை, திருநெல்வேலிச் சீமைகளின் நிலவியலைப் பற்றி ராபர்ட் புரூஸ் ஃபூட் எழுதிய அறிக்கை 1883இல் வெளிவந்தது. அப்போதே தேரி ஆய்வாளர்களுக்கு அறிமுகமாகிவிட்டது. ஆனால் நிறத்தைக் கொண்டு எல்லை போடலாமே தவிர வயது சொல்ல முடியாது. இரும்புள்ள கனிமங்கள் சிதைந்து மணல்மீது பூச்சாகப் படிவதால்தான் இந்தச் சிவப்பு. அதற்குக் காலம் பிடிக்கும் என்பது உண்மைதான். ஆனால் ஒருமுறை சிவந்த மணலைக் காற்று அள்ளி வேறிடத்தில் கொட்டினால் நிறமும் கூடவே போகிறது. நேற்றுக் குவிந்த மேடும் பார்வைக்குப் பழையதாகவே தெரியும்.

தேரியில் கிடைத்த நுண்கற்கருவிகளை ஆராய்ந்த சாய்னரும் பிரிஜெட் ஆல்சினும் 1956இல் வேறு வழியில் போனார்கள். அன்றைய கடல்மட்டம் இன்றையதைவிட உயர்ந்திருந்தது என்று கொண்டு, கருவிகளின் காலத்தைச் சுமார் கி.மு. 4000 என்றார்கள். மணலின் வயதை அளக்கும் முறை ஏதும் இல்லாத காலத்தில் அது கெட்டிக்கார யூகம். இருந்தாலும் மணலைத் தொட்டுக் கேட்ட பதில் அல்ல.

அப்படிக் கேட்க இன்று வழி இருக்கிறது. மண்ணில் உள்ள யுரேனியம், தோரியம், பொட்டாசியம் ஆகியவற்றின் கதிர்வீச்சு, புதைந்த குவார்ட்ஸ் மணலில் உண்டியல் காசுபோலச் சிறுகச் சிறுகச் சேர்கிறது. வெயில் பட்டால் அந்த உண்டியல் காலியாகிவிடும். ஆகவே சேர்ந்த அளவை ஆண்டுக்கு எவ்வளவு சேரும் என்பதால் வகுத்தால், அந்த மணல் கடைசியாக வெயில் கண்டது எப்போது என்று தெரியும். வெட்டிய குழியின் சுவரில் குழாயை அடித்து இறக்கி, வெளிச்சம் படாமல் மூடி எடுத்து வருவார்கள். மங்கிய சிவப்பு விளக்கு மட்டும் எரியும் இருட்டறையில் அதைப் பிரித்து அமிலத்தில் கழுவுவார்கள். சிவப்புப் பூச்சு கரைந்து, வெறும் குவார்ட்ஸ் வெள்ளையாக மிஞ்சும். இவ்வகைக் கணிப்பில் தேரியின் சில அடுக்குகளுக்குச் சுமார் 11,000 ஆண்டும், சிலவற்றுக்குச் சுமார் 5,600 ஆண்டும் வந்திருக்கின்றன. தேரி முழுவதற்கும் ஒரே வயது எழுதுவது ஏன் தவறு என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா?

இந்த முறையையும் கண்ணை மூடிக்கொண்டு நம்ப முடியாது என்பார்கள். நியாயம்தான். இக்கரை மணலில் தோரியம் கொண்ட மோனசைட் கலந்திருக்கிறது. அது திட்டுத்திட்டாக இருப்பதால் கதிர்வீச்சும் இடத்துக்கு இடம் மாறும். மாதிரி எடுத்த அதே குழியில் அதை அளக்காமல் பொது எண்ணைப் போட்டால் வயது பிசகும். மண்ணின் ஈரமும் கதிர்வீச்சை மட்டுப்படுத்துவதால் அதையும் கணக்கில் சேர்க்க வேண்டும். ஆற்று மணலைப்போல வெயில் சரியாகப் படாமல் புதைந்திருக்குமோ என்ற சந்தேகம் மட்டும் இங்கே வலுவற்றது. காற்றில் பறந்து வந்த மணல் வெயிலில் நன்றாகக் காய்ந்துதான் படிந்திருக்கும்.

கற்கருவிகளின் கதை இன்னும் சிக்கலானது. காற்று மணலை வாரிக்கொண்டு போகும்போது கனமான கற்கள் கீழே இறங்கி, பழைய தளத்தில் ஒன்றாகச் சேர்ந்துவிடும். வெவ்வேறு காலத்தவை ஒரே காலத்தவைபோலக் கிடக்கும். எனவே மேற்பரப்பில் பொறுக்கிய கருவிக்குப் பக்கத்து மணலின் வயதை ஒட்டக் கூடாது. கலையாத அடுக்குக்குள் பதிந்திருக்கும் கருவியைத் தேடி, அதற்கு மேலும் கீழும் உள்ள மணலைத் தனித்தனியாக அளந்தால்தான் அது எந்த இரு காலங்களுக்கு இடைப்பட்டது என்று சொல்ல முடியும்.