ஒத்திகைக்கு யார் கூலி கொடுப்பது?

இசைக்குழு என்றதும் நம்மாட்களுக்கு மேடைதான் ஞாபகம் வருகிறது. ஆனால் மேடைக்கு முன்னால் சிலபேர் ஒரே அறையில், ஒரே நேரத்தில், காசு எதுவும் கிடைக்காமல் மாதக்கணக்கில் வாசித்துப் பழக வேண்டியிருக்கிறது. ஆகவே ஒரு குழு ஏன் உருவாகிறது, ஏன் சீக்கிரமே கலைகிறது என்பதைத் 'திறமை', 'ஈகோ' என்று பேசி முடித்துவிட முடியாது. அந்த நேரம் எங்கிருந்து வந்தது, யார் அதற்குக் கூலி கொடுத்தார்கள் என்று கேட்டாக வேண்டும்.

பருத்தியால் வளர்ந்த ஊர் மான்செஸ்டர். 1976இல் அங்கே தொடங்கிய ஒரு ராக் குழு, 1978 முதல் 'ஜாய் டிவிஷன்' என்ற பெயரில் இயங்கியது. 1980 மே 18 அன்று பாடகர் இயன் கர்ட்டிஸ் 23 வயதில் தற்கொலை செய்துகொண்டதோடு முடிந்தது. இரண்டே ஆல்பங்கள். அவற்றை வெளியிட்ட நிறுவனத்தின் பெயர் 'ஃபேக்டரி'. ஆலைகள் மூடிய ஊரில் 'ஆலை' என்ற சொல்லே இசைக்குப் பெயராக மிச்சப்பட்டது. காலிக் கட்டடங்களும் வேலையற்ற பொழுதும் அங்கே மலிவு. கர்ட்டிஸ் பார்த்த வேலையும் வேலைவாய்ப்பு அலுவலகத்தில்தான்.

சென்னைக் கதை வேறு. பா. இரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் இசையமைப்பாளர் தென்மாவும் சேர்ந்து 'தி கேஸ்ட்லெஸ் கலெக்டிவ்' குழுவை உருவாக்கினார்கள். 2018 ஜனவரி 6 அன்று கீழ்ப்பாக்கத்தில் முதல் நிகழ்ச்சி, 19 பேர். கிடாரும் டிரம்ஸும் பறையோடும் கானாவின் சட்டியோடும் ஒரே மேடையில் நின்றன. அயோத்திதாசரின் 'சாதிபேதமற்ற' என்ற சொல்லே குழுவின் பெயரானது. மூடிய ஆலை தந்த ஓய்வு இங்கே இல்லை. ஓர் அமைப்பு முன்வந்து ஒத்திகைக்கு இடமும் காலமும் ஒதுக்கியது. அந்த 19 பேரும் அப்படியே நீடிக்கவில்லை. அறிவு 2019இல் 'தெருக்குரல்' ஆல்பத்தோடு தனி வழி கண்டார். இதைத் தோல்வி என்பது அபத்தம். ஒத்திகை அறையில் சேர்ந்து பழகியது கலைந்த பிறகும் வேலை செய்கிறது.

இனி திருப்பூர். இங்கேயும் சிக்கண்ணா கல்லூரி இருக்கிறது, எல்.ஆர்.ஜி. மகளிர் கல்லூரி இருக்கிறது. ஆனால் 'கல்லூரி நகரம்' என்ற கற்பனைக்குப் பின்னால் இருப்பது அப்பா காசில் சும்மா இருக்க முடிகிற மாணவன். இங்கே படிக்கிற பையனே கைமடிக்கும் செக்கிங்குக்கும் போகிறான். ஒன்றரை ஷிப்ட் முடிந்தால் தூக்கம்தான். ஆர்டர் அவசரமென்றால் அதுவும் இல்லை. ஞாயிறு துணி துவைக்கவே போய்விடுகிறது. பாட்டு கேட்கலாம், தைத்துக்கொண்டே கேட்கலாம். கூடி வாசிக்க முடியாது. கேட்பவனாக மட்டும் தொழிலாளியை வைத்திருப்பது ஷிப்ட் கணக்குதான். ரசனைக் குறைவு அல்ல.

1984இல் பஞ்சப்படிக்காக 127 நாள் வேலைநிறுத்தம் செய்த ஊர் இது. கூலிக்கான போராட்டம் நமக்குத் தெரியும். நேரத்துக்கான போராட்டமும் பண்பாட்டுப் போராட்டமே என்பதை இன்னும் பேசத் தொடங்கவில்லை. நாமும் என்ன செய்கிறோம்? கலை இரவு என்றால் பந்தலுக்குக் காசு, மைக்செட்டுக்குக் காசு. பாட வந்தவருக்கு ஒரு துண்டு. தோழர்களே, ஒரு மேடைச் செலவை மிச்சப்படுத்தி ஓர் அறை, ஒரு டிரம்ஸ், வாரத்தில் ஒரு மாலைக்கு ஐந்து பேரின் அரை ஷிப்ட் கூலி என்று கொடுத்துப் பார்க்கலாமே. அந்தக் குழு ஆறு மாதத்தில் கலைந்தாலும் கலையட்டும்.