கீழூரில் விழுந்த 170 வாக்குகள்

பிரெஞ்சு ஆட்சியில் இருந்த புதுச்சேரியின் தலைவிதியை மாற்றிய வாக்கெடுப்பு நகரத்தில் நடக்கவில்லை. வில்லியனூர்ப் பக்கம் கீழூர் என்ற சிற்றூரில் நடந்தது. 1954 அக்டோபர் 18. மக்கள் பிரதிநிதிகளும் நகராட்சி உறுப்பினர்களுமாக 178 பேர் கூடினார்கள். இந்தியாவோடு இணைய 170 வாக்கு, எதிராக 8. நவம்பர் 1-ஆம் தேதி நிர்வாகம் கைமாறியது.

பிரெஞ்சு நாடாளுமன்றமோ இணைப்பு ஒப்பந்தத்துக்கு ஒப்புதல் தர 1962 வரை இழுத்தடித்தது. சட்டபூர்வமாகக் கைமாறிய ஆகஸ்ட் 16-ஐ இன்றும் கீழூர் நினைவிடத்தில் கொண்டாடுகிறார்கள்.

பிரெஞ்சு ஆட்சியின் தடம் புதுச்சேரிப் போலீஸ்காரரின் சிவப்புத் தொப்பியோடு நிற்கவில்லை. பிரெஞ்சுக் குடியுரிமையைத் தக்கவைத்துக்கொண்ட தமிழ்க் குடும்பங்கள், பிரான்சில் அதிபர் தேர்தல் வந்தால் புதுச்சேரியிலேயே வாக்களிக்கின்றன. வரைபடத்தைப் பாருங்கள்: கேரளத்துக்குள் மாஹே, ஆந்திரத்துக்குள் ஏனாம், தஞ்சைக் கரையோரம் காரைக்கால். அன்றைய பிரெஞ்சுப் பகுதிகள் என்ற ஒரே காரணத்தால், மலையாளமும் தெலுங்கும் பேசும் அந்த ஊர்க்காரர்களின் எம்.எல்.ஏ.க்கள் இன்றும் புதுச்சேரி சட்டப்பேரவையில்தான் உட்காருகிறார்கள்.