பல தட ரவுண்டானாவில் தடம் பிடித்தல்

ஒற்றைத் தடம் கொண்ட ரவுண்டானாவில் ஓட்டுநரிடம் எதிர்பார்க்கப்படுவது வேகத்தைத் தணிப்பதும், வட்டத்துக்குள் ஏற்கெனவே சுற்றிக்கொண்டிருக்கும் வாகனத்துக்கு வழிவிடுவதும் மட்டுமே. ஆனால் வட்டத்தில் இரண்டோ மூன்றோ தடங்கள் அருகருகே ஓடத் தொடங்கியதும், எந்தத் தடத்தில் நுழைந்தால் எந்தச் சாலையில் வெளியேற முடியும் என்னும் கேள்வி அவற்றோடு சேர்ந்துகொள்கிறது. அதற்கான விடையை வட்டத்துக்குள் நுழைந்த பிறகு தேடுபவர் பெரும்பாலும் பக்கத்துத் தடத்து வாகனத்தின் கதவருகில்தான் அதைக் கண்டுபிடிக்கிறார். பல தட ரவுண்டானாக்களில் நிகழும் உரசல்களிலும் மோதல்களிலும் கணிசமானவை, நுழைவதற்கு முன்பே முடிந்திருக்க வேண்டிய ஒரு தேர்வு உள்ளே வந்தபின் செய்யப்படுவதால் விளைபவை.

இங்குச் சில சொற்களை வரையறுத்துக்கொள்வது பின்வருவனவற்றுக்கு உதவும். நடுவிலுள்ள மேடு நடுத்தீவு எனவும், அதைச் சுற்றி ஓடும் சாலைப்பகுதி சுழல்பாதை எனவும், நடுத்தீவை ஒட்டிய தடம் உள்தடம் எனவும், வெளி விளிம்பை ஒட்டியது வெளித்தடம் எனவும், நுழைவாயிலில் நின்று வழிவிட வேண்டிய இடத்தைக் காட்டும் கோடு வழிவிடு கோடு எனவும் இக்கட்டுரையில் குறிக்கப்படுகின்றன. இந்தியா, இலங்கை, பிரிட்டன் போன்று சாலையின் இடப்புறம் ஓட்டும் நாடுகளில், பிரகாரத்தில் மூலவரை வலக்கைப் பக்கம் வைத்துச் சுற்றுவதுபோல, நடுத்தீவு எப்போதும் ஓட்டுநரின் வலப்புறமே இருக்கும். ஆகவே அங்கெல்லாம் இடத்தடமே வெளித்தடம், வலத்தடமே உள்தடம். அமெரிக்காவிலும் ஐரோப்பாவின் பெரும்பகுதியிலும் இது அப்படியே தலைகீழாகிறது.

நியூயார்க்கின் கொலம்பஸ் வட்டம் 1905-இலும், பாரிஸின் வெற்றி வளைவைச் சுற்றிய வட்டத்தில் ஒருதிசைச் சுழற்சி 1907-இலும் நடைமுறைக்கு வந்தன என்றாலும், உள்ளே நுழைபவருக்கா, ஏற்கெனவே சுற்றுபவருக்கா முன்னுரிமை என்பது பல பத்தாண்டுகள் தெளிவாக வகுக்கப்படாமலே கிடந்தது. நுழைபவருக்கு முன்னுரிமை தரப்பட்ட இடங்களில், வாகனங்கள் மிகுந்தவுடன் வட்டம் நிரம்பி, வெளியேற வேண்டியவர் நகர முடியாமல் நிற்க, அவருக்குப் பின்னால் மேலும் பலர் உள்ளே திணிக்கப்பட்டு, முழு வட்டமும் பூட்டிக்கொண்டது. அக்காலப் பொறியாளர்கள் இதற்குக் கண்ட மருந்து வட்டத்தைப் பெரிதாக்குவது. ஒரு நுழைவாயிலுக்கும் அடுத்த வெளிவாயிலுக்கும் இடையே நீண்ட தொலைவு இருந்தால், வாகனங்கள் ஓடிக்கொண்டே ஒன்றோடொன்று பின்னி, தடம் மாறி, பிரிந்து சென்றுவிடும் என அவர்கள் கருதினர். இந்தப் பின்னிப் பிரியும் ஓட்டத்தின் கொள்ளளவைக் கணக்கிடப் பிரிட்டனில் வகுக்கப்பட்ட சூத்திரத்தையே இந்தியச் சாலைக் காங்கிரஸ் 1976-இல் வெளியிட்ட ரவுண்டானா வழிகாட்டியும் பின்பற்றியது. எல்லாக் கிளைச் சாலைகளிலிருந்தும் சேர்ந்து மணிக்கு ஏறத்தாழ 3000 வாகனங்கள் வரைதான் ஒரு ரவுண்டானா செவ்வையாகக் கையாளும் என்பது அதன் மதிப்பீடு.

இந்தச் சிந்தனையைப் பிரிட்டனின் சாலை ஆய்வுக்கூடத்தைச் சேர்ந்த பிராங்க் பிளாக்மோரும் அவருடைய சகாக்களும் புரட்டிப்போட்டனர். 1966 நவம்பரில், வட்டத்துக்குள் சுற்றுபவருக்கே முன்னுரிமை, நுழைபவர் வழிவிட வேண்டும் என்னும் விதி பிரிட்டனில் நடைமுறைக்கு வந்ததும், பூட்டிக்கொள்ளும் நோய் பெருமளவு நீங்கியது. பெரிய வட்டங்கள் தேவையற்றுப்போய், பெயின்ட் வட்டம் மட்டுமே கொண்ட குட்டி ரவுண்டானாக்கள்கூடச் சாத்தியமாயின. பாரிஸின் வெற்றி வளைவு வட்டத்திலோ பழைய முறையே இன்றும் தொடர்கிறது. பன்னிரண்டு சாலைகளிலிருந்து நுழைபவர்களுக்கு முன்னுரிமை தந்து, தடக் கோடு ஒன்றுகூட இல்லாமல் அது இயங்குவதைப் பார்க்கச் சுற்றுலாப் பயணிகள் வளைவின் உச்சிக்கு ஏறுகிறார்கள் என்பதிலிருந்தே அது பின்பற்றத்தக்க முன்மாதிரி அன்று என்பது விளங்கும். இந்தியாவைப் பொறுத்தவரை, சந்திப்புகளில் வலப்புறமிருந்து வருபவருக்கு வழிவிட வேண்டும் என்று 1989-ஆம் ஆண்டின் சாலை விதிமுறைகளே கூறின. நடுத்தீவை வலப்புறம் வைத்துச் சுற்றும் நாட்டில் நுழைபவரின் வலப்புறமிருந்து வருபவர் சுழல்பாதையில் இருப்பவரேயாதலால், பிளாக்மோரின் விதியும் இதுவும் நடைமுறையில் ஒன்றே.

நான்கு சாலைகள் கூடும் சாதாரணச் சந்திப்பில் இரு வாகனங்களின் பாதைகள் வெட்டவோ சேரவோ பிரியவோ கூடிய புள்ளிகள் 32. ஒற்றைத் தட ரவுண்டானாவில் அவை 8. குறைவு என்பதைவிட முக்கியமானது, அந்த எட்டில் ஒன்றுகூட நேருக்கு நேர் வெட்டுவதில்லை, எல்லாம் சேர்வதும் பிரிவதுமே என்பது. பாதுகாப்பில் ரவுண்டானாவுக்குக் கிடைத்த பெயருக்கு இதுவும், வளைவு கட்டாயமாக்கும் தாழ்ந்த வேகமுமே அடிப்படை. இரண்டாவது தடம் சேர்ந்தவுடன், தொலைந்துபோன வெட்டுப்புள்ளிகளில் சில திரும்பி வந்துவிடுகின்றன.

அவற்றுள் இரண்டை மட்டும் நன்கு புரிந்துகொண்டாலே பல தட ரவுண்டானாவின் ஆபத்து பெரும்பாலும் புரிந்ததாகிவிடும். முதலாவது நுழைவாயிலில் நிகழ்வது: காத்திருப்பவர் வெளித்தடம் காலியாக இருப்பதைக் கண்டு, உள்தடத்தில் வரும் கார் சுற்றிக்கொண்டே போய்விடும் என ஊகித்து நுழைகிறார், அந்தக் கார் உண்மையில் அடுத்த வாயிலில் வெளியேறுவதற்காக வெளித்தடத்தின் குறுக்கே வர, இருவரும் ஒரே இடத்தைக் கோருகிறார்கள். வழிவிடு கோட்டில் நிற்பவர் தாம் நுழையப்போகும் தடத்துக்கு மட்டுமன்றி எல்லாத் தடங்களுக்கும் வழிவிட வேண்டும் என்று சொல்லப்படுவதன் காரணம் இதுவே. இரண்டாவது வெளிவாயிலில் நிகழ்வது: இரு வாகனங்கள் அருகருகே நுழைந்து சுற்றும்போது, உள்தடத்திலிருப்பவர் முறைப்படி நேர்ச்சாலையில் வெளியேற முற்பட, வெளித்தடத்திலிருப்பவர் வெளியேறாமல் மேலும் சுற்ற முற்படுகிறார். இரண்டாமவர் வலப்புறச் சாலைக்குச் செல்ல விரும்பியும் இடத்தடத்தில் நுழைந்தவர். அவருடைய பிழை மோதும் நொடியில் நிகழ்ந்ததன்று, ஐம்பது அறுபது மீட்டர் முன்னதாகவே நிகழ்ந்துவிட்டது.

ஆகவே முறையான ஓட்டத்தின் முதற்பாதி வழிவிடு கோட்டுக்கு முன்பே முடிந்துவிடுகிறது. அறிவிப்புப் பலகையோ தரையிலுள்ள அம்புக்குறியோ வேறு கூறாதவரை, முதல் வெளிவாயிலாகிய இடப்புறச் சாலைக்குச் செல்பவர் இட இண்டிகேட்டரைப் போட்டு இடத்தடத்திலும், வலப்புறச் சாலைக்கோ வந்த வழிக்கே திரும்பவோ செல்பவர் வல இண்டிகேட்டரைப் போட்டு வலத்தடத்திலும் அணுக வேண்டும் என்றும், இடையிலுள்ள வாயிலுக்குச் செல்பவர் உரிய தடத்தில் இண்டிகேட்டர் இன்றி அணுகலாம் என்றும் பிரிட்டனின் நெடுஞ்சாலை விதிநூல் வகுக்கிறது. உள்ளே சென்றபின் தடத்தைவிட்டு விலகாமல், அருகிலுள்ள வாகனத்தை முந்தாமலும் அதன் பக்கவாட்டிலேயே ஒட்டிச் செல்லாமலும் ஓட்டி, தமக்குரிய வாயிலுக்கு முந்தைய வாயிலைக் கடந்தவுடன் இட இண்டிகேட்டரைப் போட்டு வெளியேற வேண்டும். இந்தக் கடைசி இண்டிகேட்டர்தான் நம் ஊர்களில் ஏறக்குறைய முற்றிலும் மறைந்துபோனது. அடுத்த வாயிலில் காத்திருப்பவர் அதைக் கண்டால்தான் தமக்குக் கிடைக்கும் இடைவெளியை அறிய முடியும். அது காட்டப்படாதபோது அவர் வீணாக நிற்கிறார், அல்லது ஹாரனை நம்பி நுழைகிறார். வாயிலைத் தவறவிட்டவர் செய்ய வேண்டியது மிக எளிது. உள்தடத்தில் இருப்பவர் இன்னொரு சுற்றுச் சுற்றி வரலாம், வெளித்தடத்தில் இருப்பவர் தடம் இட்டுச்செல்லும் சாலையிலேயே வெளியேறிப் பின்னர் திரும்பி வரலாம். இரண்டுக்கும் ஆகும் கூடுதல் நேரம் ஒரு சிக்னலில் நிற்கும் நேரத்தைவிடப் பெரும்பாலும் குறைவு. அப்படியிருந்தும் வட்டத்தின் நடுவில் பிரேக் போட்டுப் பின்னோக்கி எடுக்கும் வாகனங்களைக் காண நேர்வது வருந்தத்தக்கது.

இவ்வளவு ஒழுக்கத்தையும் ஓட்டுநரின் நினைவுக்கு விட்டுவிடாமல் சாலையின் வடிவத்திலேயே வார்த்துவிட முடியுமா என்று கேட்டவர் நெதர்லாந்தின் டெல்ஃப்ட் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த லாம்பர்ட்டஸ் ஃபோர்டெயின். 1996-இல் அவர் வகுத்த வடிவம் டர்போ ரவுண்டானா எனப்படுகிறது. ரவுண்டானா வகைகளிலேயே விந்தையானதும், நின்று பார்க்கத்தக்கதும் இதுவே. வழக்கமான இரட்டைத் தட ரவுண்டானாவில் தடங்கள் ஒரே மையம் கொண்ட இரு வளையங்கள். உள்வளையத்தில் இருப்பவர் வெளியேற வேண்டுமானால் வெளிவளையத்தைக் கடந்தே தீர வேண்டும். அவ்வளையங்களை ஒரு நேர்கோட்டால் இரண்டாக வெட்டி, ஒரு பாதியை அக்கோட்டின் வழியே ஏறத்தாழ ஒரு தடத்தின் அகலத்துக்கு நகர்த்திவைத்தால், ஒரு பாதியின் உள்தடம் மறுபாதியின் வெளித்தடத்தோடு சென்று இணைகிறது. வளையங்கள் மறைந்து சுருள் தோன்றிவிடுகிறது. சில நுழைவாயில்களுக்கு எதிரே நடுத்தீவின் விளிம்பிலிருந்து புதிய உள்தடம் ஒன்று பிறந்து, சுற்றச் சுற்றத் தானாகவே வெளிப்புறம் ஒதுங்கி, வெளிவாயிலில் கொண்டுபோய் விடுகிறது; ஓட்டுநர் தம் தடத்தைப் பிடித்துக்கொண்டிருந்தால் போதும், ஒருமுறைகூடத் தடம் மாறாமல் வெளியே வந்துவிடுகிறார். தடங்களுக்கு இடையே சில சென்டிமீட்டர் உயரத்தில் எழுப்பப்பட்ட கான்கிரீட் வரம்பு ஒன்றும் ஓடுகிறது. லாரியின் பின்சக்கரம் தவறி ஏறினால் தாங்கும் அளவுக்குத் தாழ்வானதாகவும், கார் ஓட்டுநர் வேண்டுமென்றே ஏறத் தயங்கும் அளவுக்கு உயர்வானதாகவும் அது அமைக்கப்பட்டிருக்கிறது.

இந்த வரம்பு இன்னொரு வேலையும் செய்கிறது. நெரிசல் இல்லாத வேளைகளில், இரட்டைத் தட ரவுண்டானாவில் வரும் ஓட்டுநர் பலர் வெளித்தடத்தில் நுழைந்து, நடுவில் உள்தடத்தை உரசி, மீண்டும் வெளித்தடத்துக்கு வந்து வெளியேறுவர். வளைவு நேராக்கப்படுவதால் வேகம் குறைவதே இல்லை, வளைவை நம்பி அமைக்கப்பட்ட பாதுகாப்பும் அந்த நேரத்தில் இல்லாமற்போகிறது. வரம்பு எழுந்தபின் அக்குறுக்கு வழி அடைபடுகிறது. விலையாக இழக்கப்படுவது சுதந்திரம். டர்போ ரவுண்டானாவில் சில திசைகளிலிருந்து நுழைபவர் முழுவட்டம் அடித்துத் திரும்ப இயலாது. தவறான தடத்தில் நுழைந்தவர் அது இட்டுச்செல்லும் சாலைக்குத்தான் போயாக வேண்டும். அதனால் தடத்தேர்வைக் காட்டும் பலகைகளும் தரை அம்புகளும் வழிவிடு கோட்டுக்கு நெடுந்தொலைவு முன்பிருந்தே தொடங்குகின்றன. நெதர்லாந்தில் பல இடங்களில் கட்டப்பட்ட இவ்வடிவம் போலந்து, ஸ்லோவேனியா முதலிய நாடுகளுக்கும் பரவியது. ஜெர்மனியோ சுருளை ஏற்றுக்கொண்டு, மோட்டார் சைக்கிள் ஓட்டுபவர்கள் இடறக்கூடும் என்பதாலும் பனி அகற்றும் வண்டிகளுக்குத் தடையாகும் என்பதாலும் எழுப்பிய வரம்பைப் பெரும்பாலும் தவிர்த்து, தொடர்கோடு தீட்டுவதோடு நிறுத்திக்கொண்டது.

இருசக்கர வாகனங்கள் பெரும்பான்மையாக ஓடும் தமிழ்நாட்டுச் சாலைகளுக்கு ஜெர்மானியரின் தயக்கம் பொருத்தமானதே. மங்கிய விளக்கொளியில் கான்கிரீட் வரம்பு பைக்குகளுக்கு ஆபத்தாகலாம். ஆனால் கோட்டைக்கூடத் தீட்டாமல் விடுவதற்கு அது நியாயமாகாது. பெரிய ரவுண்டானாவை அணுகும் சாலைகளில் அம்புக்குறிகள் தேய்ந்து மறைந்திருப்பதும், வெளிவாயிலை ஒட்டியே ஆட்டோ நிறுத்தமும் தள்ளுவண்டிகளும் அமைந்து, வெளியேறும் வாகனங்கள் வட்டத்துக்குள்ளேயே தேங்க நேர்வதும், பிறகு நெரிசலின் பழி ரவுண்டானாவின் மேல் விழுந்து மேம்பாலம் கோரப்படுவதும் நம் நகரங்களில் வழக்கமாகிவிட்டன. சென்னையின் ஜெமினி வட்டம் 1973-இல் மேம்பாலத்துக்கு இடம்விட்டதில் போக்குவரத்தின் அளவு சார்ந்த நியாயம் இருந்திருக்கலாம். எல்லாச் சிற்றூர் முக்குகளுக்கும் அது பொருந்தாது. நடுத்தீவைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். அங்கு மண்மேடும் செடிகளும் வைப்பது அழகுக்காக மட்டுமன்று. எதிர்ச்சாலையில் வருபவை கண்ணில் படாமல் மறைத்தால் ஓட்டுநரின் கவனம் வலப்புறத்தில் குவியும், வட்டம் இருப்பதும் தொலைவிலேயே தெரியும் என்பதும் வடிவமைப்பின் நோக்கங்கள். நுழைவாயிலை ஒட்டிய ஓரங்களில் கட்டப்படும் ஃபிளெக்ஸ் பேனர்களோ நேர்மாறாக, பார்க்க வேண்டிய வலப்புறத்தையே மறைக்கின்றன.

நீண்ட வாகனங்களுக்கு மட்டும் மேற்கூறிய தட ஒழுக்கத்திலிருந்து விலக்கு உண்டு. டிரெய்லர் லாரி வளையும்போது அதன் பின்சக்கரங்கள் முன்சக்கரங்களின் சுவட்டில் செல்லாமல் வளைவின் உட்புறமாக வெட்டிச் செல்கின்றன; நடுத்தீவைச் சுற்றிக் கல் பதித்த சற்றே உயர்ந்த விளிம்பு அமைக்கப்படுவது அச்சக்கரங்கள் ஏறிச் செல்லவே. பல தட ரவுண்டானாவில் அத்தகைய லாரி இரு தடங்களையும் அடைத்துக்கொண்டு செல்வது பிழையன்று, அதன் வடிவம் கோரும் தேவை. அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலம் 40 அடி அல்லது அதற்கு மேல் நீளமுள்ள வாகனங்களுக்கு ரவுண்டானாவில் பிற வாகனங்கள் வழிவிட வேண்டும் எனச் சட்டமே இயற்றியிருக்கிறது. நம் சாலைகளில் இரு சக்கரங்களில் செல்பவர்கள் லாரிக்கும் நடுத்தீவுக்கும் இடையே தெரியும் இடைவெளியைக் காலியிடமாக எண்ணிப் புகுந்துவிடுகிறார்கள். லாரி வளைய வளைய அந்த இடைவெளி சுருங்கும் என்பதும், ஓட்டுநரின் கண்ணாடியில் அப்பகுதி தெரியாமற்போகக்கூடும் என்பதும் பயிற்சிப் பள்ளிகளில் கற்பிக்கப்பட வேண்டியவை. மெதுவாகச் செல்லும் சைக்கிள்காரருக்குப் பிரிட்டனின் விதிநூல் தரும் சலுகை வேறு வகையானது: அவர் எந்த வாயிலுக்குச் செல்வதானாலும் இடத்தடத்திலேயே சுற்றலாம், தாம் வெளியேறப்போவதில்லை என்பதை வலக்கை நீட்டி உணர்த்தியபடி ஒவ்வொரு வாயிலையும் கடக்கலாம், வெளியேறும் கார்கள் அவருக்கு இடம் விட வேண்டும்.