ஆசிரியரை நியமிப்பது யார்?

உங்கள் பிள்ளையின் ஆசிரியரைத் தெரிவு செய்யும் உரிமை யாருக்கு? இலங்கையில் பெரும்பாலான உதவி பெறும் பாடசாலைகளை 1960, 1961ஆம் ஆண்டுச் சட்டங்களால் அரசே ஏற்றுக்கொண்டது. இந்தியாவிலோ இக்கேள்வி நீதிமன்றப் படியேறியது.

மேற்கு வங்காளத்தில் அரச உதவி பெறும் மத்ரஸாக்களுக்கு ஆசிரியர்களைத் தெரிவு செய்ய, 2008ஆம் ஆண்டுச் சட்டம் ஓர் ஆணைக்குழுவை அமைத்தது. சிறுபான்மையினரின் உரிமை பறிபோகிறது என ஒரு நிர்வாகக் குழு வழக்குத் தொடுத்தது. கல்கத்தா உயர் நீதிமன்றம் சட்டத்தை ரத்துச் செய்தது. 2020 ஜனவரி 6இல் உச்ச நீதிமன்றமோ அது செல்லும் என்றது. ஆணைக்குழு தெரிவு செய்தவர்களின் நியமனம் நிலைத்தது. உயர் நீதிமன்றத் தீர்ப்புக்குப் பின் மத்ரஸாக்கள் நியமித்தவர்களும் கைவிடப்படவில்லை.

தாய்மார்களே! ஆசிரியர் பணி ஓர் அமானிதம். வண்ணாத்திவில்லு போன்ற நம் ஊர்களில் தொண்டர் ஆசிரியரை அமர்த்தும்போது, அவர் யாருடைய உறவினர் என்று கேளாதீர்கள். அவருடைய தகுதி என்னவென்று கேளுங்கள். நியமனத்தை எழுத்தில் கொடுக்கச் சொல்லுங்கள். பிள்ளையின் படிப்பும் ஒரு குடும்பத்தின் சோறும் அதில்தான் இருக்கின்றன.