தண்டவாளம் சொல்லாத கதை

மதவாச்சியிலிருந்து மடு வழியாகத் தலைமன்னாருக்குச் செல்லும் புகையிரதப் பாதை மன்னார் மக்கள் நன்கு அறிந்ததொன்று. 1914-ஆம் ஆண்டு பாம்பன் பாலமும் இப்பாதையும் திறக்கப்பட்டபோது, சென்னையிலிருந்து கொழும்புவரை இரயிலும் கப்பலுமாக ஒரே பயணம் அமைந்தது. 1964 டிசம்பர்ப் புயல் தனுஷ்கோடியை அழித்தது. பின்னர் மூண்ட போரினால் 1990-இல் வண்டியும் நின்றது. 2015 மார்ச்சிலேதான் அது மீண்டும் தலைமன்னாரை எட்டியது.

இன்று அவ்வண்டியின் யன்னலோரம் அமரும் சிறுவன் பனையையும் மணலையும் கடலையும் காண்கிறான். வண்டி ஓடாத அந்த இருபத்தைந்து ஆண்டுகளை அவன் எவ்வாறு காண்பான்?

இத்தகைய வினாவுக்கு விடை தேடியவர் விவரணப் பட இயக்குநர் யூட் ரட்ணம். 1983-ஆம் ஆண்டுக் கலவரத்தின்போது அவருக்கு வயது ஐந்து. சிவப்பு நிறப் புகைவண்டியொன்றில் வடக்கே தப்பிச் சென்ற அவர், வளர்ந்தபின் ஒளிப்படக் கருவியுடன் அதே திசையில் மீண்டும் பயணம் செய்தார். 'டீமன்ஸ் இன் பாரடைஸ்', அதாவது 'சுவர்க்கத்தில் பேய்கள்', எனும் அப்படம் 2017-இல் கான் திரைப்பட விழாவிற் காட்டப்பட்டது.

அதில் நிலக்காட்சி வெறும் அலங்காரமன்று. பாதையும் பாழிடமும் பழைய நினைவுகளை எழுப்ப, மனிதர் பேசத் தொடங்குகின்றனர். தமிழர்க்கு இழைக்கப்பட்ட கொடுமையோடு, தமிழ் இயக்கங்கள் தமக்குள் நிகழ்த்திய கொலைகளும் பேசப்படுகின்றன. இதனால் எதிர்ப்பு எழுந்தது. 2018-இல் யாழ்ப்பாணத் திரைப்பட விழாவிலிருந்து படம் விலக்கப்பட்டது. புண்பட்ட மக்கள் மனம் வருந்தியதில் வியப்பில்லை. ஆயினும், நம் பக்கத்துப் பிழையை விலக்கிவிட்டு நினைவுகூர்வது முழு நினைவாகுமா?

இவ்வினா மன்னாருக்கும் உரியது. வண்டி நின்ற அதே 1990-ஆம் ஆண்டு அக்டோபரில், இத்தீவின் முஸ்லிம் மக்களை விடுதலைப் புலிகள் வெளியேற்றினர். எருக்கலம்பிட்டியின் வீடுகள் ஆளற்றுக் கிடந்தன. பள்ளிமுனையில் நிற்கும் பெருக்கமரம் அந்நாட்களிலும் அங்கேயே நின்றது. அராபிய வணிகர் கொணர்ந்ததாகக் கூறப்படும் அந்த மரத்தின் முன்னே நின்று படமெடுத்துச் செல்வோர் பலர். அது நின்ற ஊரின் கதையைக் கேட்டுச் செல்வோர் சிலரே.

மாணவ நண்பர்களே! இன்று உங்கள் கைப்பேசியிலேயே ஒளிப்படக் கருவி இருக்கிறது. அடுத்த முறை அம்மரத்தடிக்குச் சென்றால், ஒரு நொடியிற் படமெடுத்துத் திரும்பாதீர்கள். சற்று நேரம் அமர்ந்து பாருங்கள். பின்னர் அருகிலுள்ள தமிழ் முதியவர் ஒருவரிடமும், திரும்பி வந்த முஸ்லிம் முதியவர் ஒருவரிடமும், "அந்த ஆண்டு இங்கே என்ன நடந்தது?" என்று கேளுங்கள். இருவர் கூற்றையும் இடைமறியாது பதிவு செய்யுங்கள். மரம் பேசாது, தண்டவாளமும் பேசாது. கண்டவர்கள் நம்மிடையே வாழும்போதே கேட்டு வைப்பது நம் கடமையன்றோ?